கழுத்துக் கோடு மூடிய பானை

அர்வீனா வீட்டில் பானை சுடுகிற நாளில் முதலில் வெளியேற்றப்படுவது நாய். அடுத்தது புருஷன். இரண்டும் சத்தம் போடுகிற ஜாதி. நாயையாவது ஓர் எலும்பைக் காட்டிக் கூட்டிப்போய்ப் பக்கத்து வீட்டில் கட்டிவிடலாம். டெல்வினுக்கு அந்த வித்தை பலிக்காது. காலை ஆறு மணிக்கே காபிக் கோப்பையோடு கொல்லைப் பக்கம் வந்து நின்றுகொண்டான்.

"இன்னைக்கு ஒரு ஓரமா உக்காந்துக்கறேனே. வாயத் தெறக்க மாட்டேன்."

"போன தடவையும் இதத்தான் சொன்னே" என்றாள் அர்வீனா. "சொல்லிட்டுத் தும்முனே. ரெண்டு பானை போச்சு."

"தும்மல் பேச்சுல சேருமா?"

"ஒன் தும்மல் சேரும்."

தங்கை மேவிஸ் ஆட்டுச் சாண வறட்டிகளைக் கூடையிலிருந்து எடுத்து அடுக்கிக்கொண்டிருந்தாள். தலையை நிமிர்த்தாமலே, "மாமா, நீங்க போய் கரடி செதுக்குங்க. போன வாரம் செஞ்சீங்களே ஒண்ணு, பக்கத்து வீட்டுக் கொழந்தை அதப் பாத்துட்டுப் பன்னின்னு சொல்லுச்சு" என்றாள்.

"அது பன்னிதான். யாரும் வாங்கலேன்னா கரடின்னு சொல்லலாம்னு இருந்தேன்" என்றான் டெல்வின். அவன் கல்லில் மிருகங்கள் செதுக்குகிறவன். கோப்பையைக் கீழே வைத்தவன் மனைவியின் கால்களைப் பார்த்தான். ஷூவின் கயிறுகள் அவிழ்ந்து கிடந்தன. அதற்குள் கால் பாதிதான் நுழைந்திருந்தது. "மறுபடியும் வீங்கியிருக்கு. உப்புக் கண்டத்தக் கொறைன்னா கேக்கறியா?"

"இன்னும் ரெண்டு நிமிஷம் நின்னேன்னா ஒன் மூட்டை வாசலுக்கு வந்துரும்."

வீடு அவளுடையது. அவளுக்கு முன் அவள் அம்மாவுடையது. மூட்டை வாசலுக்கு வந்தால் புருஷன் தன் அம்மா வீட்டைப் பார்த்து நடக்க வேண்டியதுதான், பஞ்சாயத்தெல்லாம் கிடையாது. டெல்வின் சிரித்துக்கொண்டே லாரியை எடுத்துக்கொண்டு கல் வாங்க கேலப் நகரத்துக்குக் கிளம்பிவிட்டான்.

அதற்குப் பிறகு மேவிஸ் தீக்குச்சியைக் கிழித்தாள். அந்த நொடியிலிருந்து பேச்சு நின்றது.

நெருப்பு வைத்தால், பானை வெறும் கையால் தொடுகிற அளவுக்கு ஆறும்வரை ஒரு சொல் கூடாது. மனுஷக் குரல் கேட்டால் பானை வெடிக்கும். அது மட்டுமா, மனசும் சுத்தமாக இருக்க வேண்டும். கலங்கின மனசோடு நெருப்புக்குப் பக்கத்தில் போனாலும் வெடிக்கும் என்பார்கள். சண்டை, துக்கம், பொறாமை எல்லாவற்றையும் முந்தின நாளே இறக்கி வைத்துவிட்டு வரவேண்டும். சூனிப் பழங்குடியினரின் ஊரில் பானை செய்கிற பெண்கள் பானை சுடுவதற்கு முந்தின நாள் நாத்தனாரிடம்கூட நல்லபடியாகப் பேசுவார்கள். அதுவே ஒரு அதிசயம்.

இந்தத் தடவை நாலு பானை. சாண்டா ஃபே நகரத்துச் சந்தையில் இடம் கிடைப்பதற்காக ஒன்றரை வருஷம் காத்திருந்திருக்கிறார்கள். ஒரே அளவு, ஒரே வடிவம். அக்காள் இரண்டு, தங்கை இரண்டு என்று வனைந்தார்கள். மான் வரைவதில் மேவிஸை மிஞ்ச ஆளில்லை என்பதால் நாலிலும் மான் அவள் கைதான். வாயிலிருந்து நெஞ்சுவரை சிவப்புக் கோடு ஓடுகிற மான்கள். ஆனால் பானையின் கழுத்தைச் சுற்றிப் போகிற கறுப்புக் கோட்டை மட்டும் வனைந்தவள்தான் போட வேண்டும். அது அவளுடைய வழி. எங்கே ஆரம்பித்தாளோ அங்கே கொண்டுபோய் முடிக்க மாட்டாள். ஒரு விரல்கடை இடம் விட்டு நிறுத்துவாள். அந்த வாசல் திறந்திருக்கும்வரை அவளும் நடந்துகொண்டிருக்கிறாள் என்று அர்த்தம்.

தரை சூடேறியதும் அர்வீனா பானைகளை ஒவ்வொன்றாகக் கம்பளியிலிருந்து எடுத்தாள். சிவப்புக் கம்பளியில் அவளுடையவை இரண்டு, நீலக் கம்பளியில் மேவிஸினுடையவை இரண்டு. ராத்திரி முழுக்க அடுப்பங்கரைச் சூட்டில் இருந்தவை. கவிழ்த்து வைப்பதற்கு முன் ஒவ்வொன்றிலும் வாசல் எங்கே இருக்கிறது என்று ஒரு தரம் பார்த்துக்கொள்வது அவள் பழக்கம். முதல் பானை சரி. இரண்டாவதும் சரி. நீலக் கம்பளியிலிருந்து எடுத்த மூன்றாவதும் சரி.

நாலாவது பானையைத் திருப்பினாள். வாசல் தென்படவில்லை. கண்ணாடியை உள்ளே வைத்துவிட்டு வந்திருந்தாள், அதனால் கண்ணருகே தூக்கி மறுபடி திருப்பினாள். கோடு போய்க்கொண்டே இருந்தது. கட்டை விரலைக் கோட்டின் மேல் வைத்து ஒரு சுற்று முழுக்க வந்தாள். கிளம்பின இடத்துக்கே விரல் திரும்பி வந்தது. நடுவில் ஒரு மயிரிழைகூட வெள்ளை இல்லை.

அர்வீனாவின் வாய் தானாகத் திறந்தது. எதிரே எரிகிற நெருப்பைப் பார்த்து அதை மூடிக்கொண்டாள்.

நீலக் கம்பளி. மேவிஸின் பானை. மேவிஸ் தன் கோட்டை மூடியிருக்கிறாள்.

அம்மா இப்படித்தான் செய்தாள். ஒரு சின்னக் கிண்ணம். யாரிடமும் சொல்லாமல் கழுத்துக் கோட்டை மூடி, அலமாரியில் பின்வரிசையில் வைத்துவிட்டாள். அதைச் சுடுவதற்குள் போய்ச் சேர்ந்தாள். காரியமெல்லாம் முடிந்து அலமாரியைத் துடைக்கும்போதுதான் பெண்கள் இரண்டு பேரும் பார்த்தார்கள். வழி முடிந்துவிட்டது என்று தெரிந்தவள்தான் மூடுவாள். வேறு யாரும் விளையாட்டுக்குக்கூடச் செய்ய மாட்டார்கள்.

போதாததற்கு அந்த உறை வேறு. மூன்று வாரத்துக்கு முன் ஊரில் ரத்தப் பரிசோதனை முகாம் போட்டார்கள். அக்காள் தங்கை இருவரும் ஒன்றாகப் போய்க் கையை நீட்டிவிட்டு வந்தார்கள். முடிவு தபாலில் வரும் என்றார்கள். முந்தாநாள் மேவிஸின் பையில் கிளினிக்கின் பச்சை முத்திரை போட்ட உறை ஒன்று தலை நீட்டிக்கொண்டிருந்தது. "என்னடி அது" என்று அர்வீனா கேட்டதும் மேவிஸ் அதை உள்ளே தள்ளிவிட்டு, "ஒண்ணுமில்ல, கேஸ் பில்லு" என்றாள். கேஸ் பில்லுக்கு எவன் பச்சை முத்திரை குத்துகிறான்? அப்போது அர்வீனா அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. இப்போது எடுத்துக்கொண்டாள்.

மேவிஸ் முதுகைக் காட்டிக்கொண்டு வறட்டி பொறுக்கிக்கொண்டிருந்தாள். கழுத்தெலும்பு துருத்திக்கொண்டு தெரிந்தது. எப்போது இப்படி இளைத்தாள்?

அர்வீனா கட்டை விரலை நாக்கில் தொட்டு ஈரமாக்கினாள். சுடாத பானை. சாயம் இன்னும் மண்ணுக்குள் இறங்கவில்லை. ஒரே ஒரு தேய்ப்பு போதும், வாசல் திறந்துவிடும். மேவிஸ் திரும்புவதற்குள் முடித்துவிடலாம். விரல் கோட்டுக்கு ஒரு நெல் அளவு தூரத்தில் போய் நின்றது.

முடியவில்லை. இன்னொருத்தியின் வழியில் கை வைக்க யாருக்கும் உரிமை கிடையாது. கூடப் பிறந்தவளுக்கும் கிடையாது. தொட்டால் இரண்டு பேர் வழியும் சிக்கிக்கொள்ளும். விரலைப் பாவாடையில் துடைத்தாள். பானையைக் கவிழ்த்து வைத்தாள். தன் கையாலேயே அதன் மேல் வறட்டி அடுக்கினாள், முதலில் சில்லு, பிறகு பெரியது. மேவிஸ் ரொட்டித் துணுக்குகளை நெருப்புக்குப் போட்டாள். நெருப்பும் சாப்பிட வேண்டும் அல்லவா. வழக்கமாக ஒரு பிடிதான் போடுவாள். இன்றைக்கு இரண்டு பிடி போட்டாள். சத்தமில்லாமல் உதடுகள் அசைந்துகொண்டே இருந்தன.

யாருக்காகடி இவ்வளவு வேண்டுதல் என்று கேட்க வேண்டும்போல் இருந்தது அர்வீனாவுக்கு. கேட்க முடியாது. ஒன்றரை மணி நேரம் கேட்க முடியாது.

அந்த ஒன்றரை மணி நேரத்தை என்னவென்று சொல்வது? ஊரை ஒட்டி நிற்கிற சோள மலைக்கு மேலே வெயில் ஏறியது. நெருப்பு உள்ளுக்குள் கனன்றது. அர்வீனா தங்கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். பார்த்ததெல்லாம் சாட்சியாக மாறியது. மேவிஸ் உள்ளே போய் நாற்காலி ஒன்றைத் தூக்கிவந்து அக்காவுக்குப் பக்கத்தில் போட்டாள். பிறந்ததிலிருந்து அக்காவுக்காக ஒரு தம்ளரை நகர்த்தாதவள். போகிறவர்களுக்குத்தான் இப்படிக் கடைசி நேரத்தில் கரிசனம் பொத்துக்கொண்டு வரும் என்று அர்வீனா நினைத்தாள். மேவிஸ் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். சால்வை போர்த்திவிட்டாள். போர்த்திய கை தோளில் சற்று நேரம் தங்கியது. அர்வீனா நிமிர்ந்தபோது மேவிஸின் கண்கள் நிரம்பியிருந்தன. மேவிஸ் புகையைக் காட்டிக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

புகை எதிர்ப் பக்கம் போய்க்கொண்டிருந்தது.

அர்வீனாவுக்குத் துக்கத்தைவிடக் கோபம்தான் முதலில் வந்தது. சொல்லாமல் போய்விடுவாளாமா? நாற்பத்து நாலு வயசு. ஒரே வீடு, ஒரே அடுப்பு, ஒரே மண் குழி. பல் வலித்தால்கூட ஊரைக் கூட்டுகிறவள், சாவை மட்டும் பையில் மறைத்து வைத்திருக்கிறாள். பிறகு துக்கம் வந்தது. வந்தது போகவில்லை. மார்பில் ஏறி உட்கார்ந்துகொண்டது, மூச்சு இழுக்கவே சிரமமாக இருந்தது. கொஞ்ச நாளாகவே அப்படித்தான், படி ஏறினாலும் இரைக்கிறது. அதை இப்போது யார் கவனிக்கிறார்கள்?

இத்தனை கலக்கத்தோடு நெருப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறோம், நிச்சயம் வெடிக்கப்போகிறது என்று அவள் காதைத் தீட்டிக்கொண்டு காத்திருந்தாள். வெடித்தால் 'டொப்' என்று ஒரு சத்தம் வரும். இன்றைக்கு அது வரட்டும் என்றுகூட நினைத்தாள். அந்த நாலாவது பானை மட்டும் சுக்குநூறாகப் போகட்டும்.

வெடிக்கவில்லை.

சாம்பலை இரும்புக் கம்பியால் ஒதுக்கியபோது நாலு பானைகளும் முழுசாக உட்கார்ந்திருந்தன. வெள்ளைப் பூச்சு தந்த நிறத்தில் இறங்கியிருந்தது. மான்கள் இப்போதுதான் எழுந்து நின்றவைபோல இருந்தன. வாழ்க்கையில் இவ்வளவு சுத்தமாக ஒரு சூளை அவர்களுக்கு வாய்த்ததில்லை. இருவரும் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். மேவிஸ் புறங்கையை வைத்துப் பார்த்துத் தலையசைத்தாள். இன்னும் கொஞ்சம். மறுபடி வைத்துப் பார்த்தாள். இப்போது கையை எடுக்கவில்லை.

ஆறிவிட்டது. பேசலாம்.

"எத்தன நாள் குடுத்திருக்காங்க?" என்றாள் அர்வீனா.

மேவிஸ் சட்டென்று கையை எடுத்தாள். "ஒனக்கு யாரு சொன்னா?"

"யாரு சொல்லணும்? எனக்குக் கண்ணில்லையா? உறைய ஒளிச்சு வச்சா தெரியாமப் போயிருமா? கேஸ் பில்லாம் கேஸ் பில்லு."

"அக்கா, நான் இன்னைக்கே சொல்லிரலாம்னுதான்…"

"எப்போ? ஒன்னக் குளிப்பாட்டும்போதா?" அர்வீனா ஒரு எட்டு முன்னால் வந்தாள். "பாவி. அம்மா செஞ்ச மாதிரியே செஞ்சிட்டியேடி. கோட்ட மூடி என் கையிலயே குடுத்து, என்ன வச்சே சுடச் சொல்றே. ஒனக்கு எவ்வளவு நெஞ்சழுத்தம்."

மேவிஸ் புரியாமல் விழித்தாள். "என்ன கோடு?"

"நடிக்காதே. நாலாவது பானை. பாரு."

மேவிஸ் குனிந்து பானையை எடுத்தாள். கழுத்தைத் திருப்பினாள், நின்றாள், மறுபடி திருப்பினாள். மேவிஸ் மெதுவாகப் பானையைக் கவிழ்த்து அடிப்பக்கத்தைப் பார்த்தாள். அங்கே வனைந்தவள் ஆணியால் கீறுகிற அடையாள எழுத்து இருந்தது. அதில் ஒட்டியிருந்த சாம்பலைத் துடைத்துவிட்டுப் பார்த்தாள்.

"அக்கா" என்றாள். "இது என் பானை இல்ல."

"நீலக் கம்பளியில இருந்துது."

"நேத்து நாய் ஒன் சிவப்புக் கம்பளிமேல படுத்து ஈரம் பண்ணிடுச்சு. ஒன் பானை ஒண்ண மட்டும் எடுத்து நீலத்துல சுத்துனேன். என்னோடத வேற துணியில சுத்தி, சிவப்ப ஒதறிக் காயப்போட்டு, காலையில அவசரத்துல ரெண்டும் மாறிப்போயி…" எந்தத் துணி எதற்குப் போனது என்பது இனி யாருக்கு வேண்டும். "அடியில ஒன் எழுத்து இருக்கு. இது ஒன் பானை."

அர்வீனா பானையை வாங்கிக் கண்ணுக்கு மிக அருகில் கொண்டுபோனாள். அவளுடைய எழுத்துதான். தடவிப் பார்த்தாலும் தெரிகிற எழுத்து.

இது எப்படி நடக்கும்? அவள் கோட்டை மூடுகிறவளா? அப்போது நினைவு வந்தது. பத்து நாள் முன்பு, ஒரு மத்தியானம். யூக்காச் செடியின் நாரில் செய்த தூரிகையைப் பிடித்துக்கொண்டு பானையைச் சுற்றிக்கொண்டிருந்தாள். கண் சொருகியது. இப்போதெல்லாம் எந்நேரமும் தூக்கம்தான். ஒரு கணம் தலை சாய்ந்தது, மறுபடி நிமிர்ந்தபோது தூரிகை இன்னும் கோட்டின் மேல் இருந்தது. கை அது பாட்டுக்கு ஓடியிருந்தது. எழுந்து முகம் கழுவிக்கொண்டு அடுத்த வேலைக்குப் போனாள். பானையைத் திரும்பிப் பார்க்கவில்லை.

"கை தவறிருச்சு" என்றாள். அவளுக்கே அது பொய்போல ஒலித்தது. பிறகு, "அப்போ அந்த உறை?" என்று கேட்டாள்.

மேவிஸ் அழவில்லை. அழுதிருந்தால் நன்றாக இருந்திருக்கும். இடுப்பில் கட்டியிருந்த துணியின் பைக்குள் கையை விட்டு, நாலாக மடித்த உறையை எடுத்து நீட்டினாள். உறையின் மேல் எழுதியிருந்த பெயர் அர்வீனாவுடையது.

"நாலு நாளாச்சு வந்து" என்றாள் மேவிஸ். "ரெண்டு தடவை போன்கூடப் பண்ணாங்க. அக்கா கேலப்புக்குப் போயிருக்கா, வந்ததும் அனுப்பறேன்னு சொன்னேன்."

"என்ன எழுதியிருக்கு? கண்ணாடி இல்ல."

"கிட்னி. ரெண்டும்." மேவிஸ் அந்தச் சொற்களை ஒவ்வொன்றாக எடுத்து வைத்தாள். "ரத்தத்துல ஏதோ உப்பு ரொம்ப ஏறிப்போச்சாம். இதயம் எப்ப வேணா நின்னு போலாமாம். உடனே வரணும், ராத்திரியானாலும் வரணும்னு போட்டிருக்கு. உடனேங்கறதுக்குக் கீழ கோடு போட்டிருக்கு."

"நாலு நாளு."

"சூளைக்கு நாள் குறிச்சாச்சு. ஒன்றரை வருஷமாக் காத்துக் கெடந்தே. இதக் காட்டுனா நீ எப்படி நெருப்புக்குப் பக்கத்துல போவே? மனசு கலங்கிப் போச்சுன்னா நாலும் வெடிச்சிரும். இன்னைக்கு முடியட்டும், ஆறுனதும் மொதப் பேச்சா இதச் சொல்லிரலாம்னு இருந்தேன். நாலே நாளுதானேன்னு…"

இருவர் கண்ணும் ஒரே இடத்துக்குப் போயின. சாம்பல் நடுவில் மூன்று, அர்வீனா கையில் ஒன்று. ஒரு கீறல் இல்லை.

"நான் கலங்கித்தான்டி உக்காந்திருந்தேன்" என்றாள் அர்வீனா. "ஒன்றரை மணி நேரமும். எனக்குத் தெரிஞ்சு யாரும் அப்படிக் கலங்கியிருக்க மாட்டாங்க."

"நானும்தான்" என்றாள் மேவிஸ்.

"ஒண்ணும் வெடிக்கல."

"வெடிக்கல." மேவிஸ் தரையில் உட்கார்ந்துவிட்டாள். "அப்போ சொல்லியிருக்கலாம். வந்த அன்னைக்கே சொல்லியிருக்கலாம்."

அர்வீனா நாக்கில் தொட்ட கட்டை விரலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். காலையில் ஒரே ஒரு தேய்ப்பு போதுமாக இருந்தது. யாருடைய வழியிலோ கை வைக்கக் கூடாது என்று பயந்து பாவாடையில் துடைத்துக்கொண்டாள். அவளுடைய வழியாக இருந்திருக்கிறது. மற்றவர்கள் சமாச்சாரம் என்றால் மனுஷிக்கு எவ்வளவு மரியாதை வந்துவிடுகிறது.

பிறகு எல்லாம் வேகமாக நடந்தது. லாரியை டெல்வின் கொண்டுபோயிருந்தான். மேவிஸின் பழைய கார் மூன்றாம் தடவைதான் கிளம்பியது. அர்வீனா பானையை மடியில் வைத்துக்கொண்டு ஏறினாள். "அத எதுக்கு?" என்றாள் மேவிஸ். காரின் முன்பலகையில் டெல்வின் விட்டுப்போன உப்புத்தாள் துண்டு ஒன்று கிடந்தது, அவன் கரடிகளுக்கு மெருகேற்றுகிற தாள். அர்வீனா அதை எடுத்து நாலாக மடித்தாள். கழுத்துக் கோட்டில் ஓரிடத்தைத் தேர்ந்துகொண்டு தேய்க்க ஆரம்பித்தாள்.

சுட்ட சாயம் சுலபத்தில் விடாது. விடக்கூடாது என்றுதானே சுடுகிறோம். பத்து நிமிஷப் பயணம் முழுக்கத் தேய்த்தாள். மடியில் கறுப்புப் பொடி உதிர்ந்தது, கோடு அப்படியே இருந்தது. மூச்சு இரைத்தது. விரல் நுனியில் ரத்தம் கசிந்தது. மேவிஸ் ரோட்டையும் அக்காவையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டே ஓட்டினாள். மேட்டில் ஒரு தடவை, "நான் தேய்க்கட்டுமா?" என்று கேட்டாள்.

"தொடாதே. இதுல நீ கை வைக்கக் கூடாது."

கிளினிக் வாசலில் கார் நின்றது. மேவிஸ் இறங்கி ஓடிவந்து இந்தப் பக்கக் கதவைத் திறந்தாள். உள்ளேயிருந்து சக்கர நாற்காலியைத் தள்ளிக்கொண்டு ஓர் ஆள் வந்தான்.

"அக்கா, எறங்கு."

"இருடி."

"அக்கா, உடனேன்னு போட்டிருக்கு. ஏற்கெனவே நாலு நாள நான் தின்னுட்டேன். எறங்கு."

"இரு. இன்னும் கொஞ்சந்தான்" என்றாள் அர்வீனா. குனிந்த தலை நிமிரவில்லை. "பானைய ஆடாமப் பிடி. பிடிக்கலாம். அதுல தப்பில்ல."

மேவிஸ் வெயிலில் சூடேறிய தரையில் மண்டியிட்டு, இரண்டு கையாலும் பானையை ஆடாமல் பிடித்துக்கொண்டாள். நாற்காலிக்காரன் என்ன செய்வதென்று தெரியாமல் நின்றான். ஷூ இரண்டும் காருக்குள்ளேயே கிடந்தன. வீங்கின வெறுங்காலைத் தரையில் ஊன்றிக்கொண்டு அர்வீனா தேய்த்தாள். கோடு இன்னும் விடவில்லை.